வரி போடச் சொல்லிக் கேட்ட வீடு

சென்ற மாதம் ஒரு கல்லூரி ஆசிரியை என்னைத் தேடி வந்தார். வயதில் சின்னவர், பேச்சில் மரியாதை. 'இலக்கியத்திலும் சமூகத்திலும் அந்நியமாதல்' என்று ஆய்வு செய்கிறாராம். நான் முப்பத்தைந்து ஆண்டு நூலகராக இருந்தவன், எத்தனையோ வாசகர்களைப் பார்த்திருப்பேன், இதைப் பற்றி என் அனுபவம் என்ன என்று கேட்டார். கேட்டுவிட்டுக் கைபேசியை மேசைமேல் வைத்துப் பதிவைத் தொடங்கினார். அந்தச் சொல்லைக் கேட்டதும் ஏதோ மருத்துவமனையில் எழுதிக் கொடுக்கிற பெயர்போல இருந்தது எனக்கு.

"மனுஷன் தன்னோட ஊர், தன்னோட வேலை, தன்னோட ஜனங்க எல்லாத்துலேர்ந்தும் விலகிப் போயிடறான் ஐயா. கடைசியில அவனுக்கு அவனே அந்நியமாத் தெரியறான். அதுதான்" என்று விளக்கினார்.

"சரிம்மா. அந்த மனுஷன் வீட்டு வரி கட்டுறவரா?" என்று கேட்டேன்.

அவர் பதிவை நிறுத்திவிட்டார். கிழவருக்கு ஞாபகம் தடம் மாறுகிறது என்று நினைத்திருக்க வேண்டும். இல்லை, வீட்டு வரியில்தான் விஷயமே இருக்கிறது என்று சொல்ல ஆரம்பித்தேன். ஆனால் அவர் பேருந்தைப் பிடிக்க வேண்டியிருந்தது. எழுதித் தருகிறேன் என்று சொல்லி அனுப்பினேன். எழுத உட்கார்ந்தால் அவர் கேட்டதைவிட நீளமாகப் போகிறது. ஓய்வு பெற்றவனிடம் கேள்வி கேட்டால் அப்படித்தான்.

நான் வேதாரண்யத்துக்காரன். அப்பாவுக்கு உப்பளத்தில் வேலை. பள்ளி இறுதி முடித்ததும் நூலகச் சான்றிதழ்ப் படிப்புக்குச் சென்னை போனேன். எந்தப் புத்தகத்துக்கு எந்த எண், எண்ணை முதுகில் எந்த உயரத்தில் ஒட்டுவது, பசையில் எவ்வளவு மயில்துத்தம் கலந்தால் பூச்சி வராது என்றெல்லாம் சொல்லிக் கொடுத்தார்கள். வாசகர் என்று ஒருவர் வருவார் என்பதைப் பாடத்தின் கடைசி நாளில் போகிற போக்கில் சொன்னதாக நினைவு.

எழுபதுகளின் தொடக்கத்தில் வேலை கிடைத்தது. நீடாமங்கலத்திலிருந்து ஐந்து மைல் தள்ளி ஒரு கிராமத்துக் கிளை நூலகம். ஊரைச் சுற்றி நெல்லைத் தவிர வேறொன்றும் கிடையாது. உப்பளத்தின் வெள்ளையைப் பார்த்தே வளர்ந்த கண்ணுக்கு அவ்வளவு பச்சை ஆரம்பத்தில் கூசியது. ஊரில் என்னை 'வேதாரண்யத்துக்காரர்' என்றார்கள். ஒரு வருஷம் போயும் அதுதான் என் பெயர். டீக்கடைக்குள் நான் நுழைந்தால் பேச்சு நின்று, மழையைப் பற்றித் தொடங்கும்.

அதற்குக் காரணம் இருந்தது. ஊர் இரண்டாக நின்ற காலம் அது. நிலம் வைத்திருந்தவர்கள் ஒரு பக்கம், அதில் இறங்கி நட்டு அறுத்தவர்கள் மறு பக்கம். ஆட்சி மாறிச் சில வருஷம் ஆகியிருந்தது. மேடைக்கு மேடை உழவனைப் பற்றி அடுக்குமொழியில் அழகாகப் பேசினார்கள். அந்த உழவர்கள் கீழத்தெருவில் குடிசைகளில் இருந்தார்கள். அறுவடைக் கூலியைக் கொஞ்சம் கூட்டிக் கேட்டால் ஊருக்குள் போலீஸ் வேன் வரும். நான் எந்தப் பக்கம் என்று ஊருக்குத் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை என்பதை நான் வெளியே சொல்லிக்கொள்ளவில்லை.

நூலகம் இருந்தது மிராசுதார் சந்தானம் வாடகை வாங்காமல் கொடுத்திருந்த கட்டடத்தில். அதற்கு முன்னால் அது அவர் நெல் மூட்டை அடுக்கிய அறை. மழைக்காலத்தில் எந்தக் கதைப் புத்தகத்தை விரித்தாலும் உமி வாசம் வரும். ஐந்து நாற்காலிகள் இருந்தன. ஜன்னலோரம் இருந்தது சந்தானத்தினுடையது. அப்படி எங்கும் எழுதி ஒட்டவில்லை. ஆனால் அவர் மகன்களைப் பார்க்கப் பம்பாய் போயிருந்த மாதத்திலும் அதில் ஒருவரும் உட்காரவில்லை. நானும் அதைத் துடைப்பதோடு சரி.

இப்போது வீட்டு வரிக்கு வருகிறேன். நூலகத்தில் யார் வேண்டுமானாலும் வந்து படிக்கலாம். புத்தகத்தை வீட்டுக்கு எடுத்துப் போகத்தான் உறுப்பினர் அட்டை வேண்டும். ஊராட்சிக்கு வீட்டு வரி கட்டுபவர் என்றால் ரசீதைக் காட்டித் தாமே உறுப்பினராகலாம். மற்றவர்களுக்கு, வரி கட்டுபவர் ஒருவர் பிணையாகக் கையெழுத்துப் போட வேண்டும். புத்தகம் தொலைந்தால் அவரைப் பிடிக்கலாம் அல்லவா. விதி செய்தவர்கள் நல்லவர்கள். எல்லோருக்கும் கதவில் எண் போட்ட ஒரு வீடும், கையெழுத்துப் போட ஒரு சித்தப்பாவும் இருப்பார்கள் என்று நம்பியவர்கள்.

அந்த விதிப்படி எனக்கே அட்டை கிடையாது. வாடகை வீடு. வரி ரசீது வீட்டுக்காரர் பெயரில். எனக்குப் பிணை நிற்க அந்த ஊரில் யாரும் இல்லை, கேட்கவும் கூச்சம். நாள் முழுக்கப் புத்தகங்களோடு இருந்துவிட்டு மாலை ஏழு மணிக்கு அவற்றைப் பூட்டிவிட்டு வெறுங்கையோடு போவேன். சாராயக்கடைக்காரர் குடிக்காமல் வீட்டுக்குப் போவது மாதிரி என்று என்னை நானே கேலி செய்துகொண்டதுண்டு.

இந்த விதிகளுக்கெல்லாம் காவல் எங்கள் ஆய்வாளர் துரைக்கண்ணு. மூன்று மாதத்துக்கு ஒருமுறை சைக்கிளில் வருவார். வேட்டி சங்கிலியில் மாட்டாமல் தூக்கிப் பிடித்திருந்த கிளிப்பைக் கழற்றிச் சட்டைப் பையில் போடுவார். நேராக அலமாரிக்குப் போய்க் கண்ணை மூடிக்கொண்டு ஒரு புத்தகத்தை உருவுவார். அதன் மேல் விளிம்பை மூக்கருகே வைத்து ஊதுவார். தூசி கிளம்பித் தும்மல் வந்தால் எண்ணிக்கொள்வார். 'சென்ற வருகையில் மூன்று தும்மல். இம்முறை ஒன்று. முன்னேற்றம்' என்று பச்சை மையில் எழுதிக் கையெழுத்திடுவார். சிரிக்க மாட்டார். வேடிக்கைக்காக எழுதுகிறாரா, உண்மையாகவே எழுதுகிறாரா என்பது எங்கள் மாவட்டத்தில் ஒருவருக்கும் தெரியாது.

மாணிக்கம் நூலகத்துக்கு வர ஆரம்பித்தது ஒரு ஐப்பசி மாதத்தில். சந்தானம் பண்ணையில் வேலை, முப்பது வயதிருக்கும். மாலை ஐந்தரைக்கு வாய்க்காலில் குளித்துத் தலையைக்கூடச் சரியாகத் துவட்டாமல் வருவார். முதலில் செய்தித்தாள். பிறகு அலமாரியிலிருந்து ஒரு நாவல். அதைச் சுவரோரமாக நின்றபடியே படிப்பார். ஏழு மணிக்குப் பக்க எண்ணை மனதில் வைத்துக்கொண்டு, எடுத்த இடத்தில் சரியாகச் செருகிவிட்டுப் போவார். ஒரு நாவல் முடியப் பதினைந்து நாள் ஆகும். பதினைந்து நாளும் நின்றபடிதான்.

"உக்காந்து படிங்களேன் மாணிக்கம்" என்பேன்.

"இருக்கட்டும் சார்."

எனக்கு மனசு கேட்கவில்லை. உள்ளே உட்காரக் கூச்சப்படுகிறார், வெளியே என்றால் தாராளமாக உட்காருவார் என்று நானாக முடிவு செய்தேன். தச்சரிடம் சொல்லி ஒரு பெஞ்சு செய்து, வெளி வராந்தாவில் போட்டேன். எண்ணெய்கூடப் பூசி வைத்தேன். அன்று மாணிக்கம் வந்தார். பெஞ்சைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். திரும்பிப் போய்விட்டார். நாலு நாள் வரவே இல்லை.

ஐந்தாம் நாள் வழியில் பார்த்து ஏன் வரவில்லை என்று கேட்டேன்.

"எங்களுக்குன்னு தனியா ஒண்ணு போட்டுட்டீங்களே சார். டீக்கடையிலதான் தனிக் கிளாஸ் வச்சிருக்காங்க. இங்கேயுமான்னு நெனச்சேன்" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் எனக்கு இன்னும் உறைத்தது. வெட்கமாகப் போய்விட்டது. அன்றே பெஞ்சை உள்ளே தூக்கிப் போட்டு அதன்மேல் பழைய வார இதழ்களை அடுக்கினேன்.

"அப்ப ஏன்தான் நிக்கிறீங்க?" என்று அன்றைக்குக் கேட்டேவிட்டேன்.

"உக்காந்தா யாராவது எந்திரின்னு சொல்லலாம் சார். நிக்கறவனை யாரு என்ன சொல்ல முடியும்?" என்றார்.

அந்தக் காலத்தில் ஒரு வகை நாவல்கள் நிறைய வந்தன. கதாநாயகன் பட்டணத்தில் ஒரு அலுவலகத்தில் இருப்பான். சம்பளம் வரும். ஆனால் எதிலும் ஒட்ட மாட்டான். அறை ஜன்னல் வழியே தெருவைப் பார்ப்பான், சிகரெட்டைப் பற்ற வைப்பான், மறுபடி தெருவைப் பார்ப்பான். முந்நூறு பக்கம் இப்படிப் போகும். கல்லூரி மாணவர்கள் ஆவலாக எடுத்துப் போய் மறுநாளே திருப்பிக் கொடுப்பார்கள். அப்படி ஒரு நாவலை மாணிக்கம் மூன்று வாரம் நின்று படித்தார்.

"இவருக்கு என்ன சார் கொறை?" என்று ஒரு நாள் கேட்டார். "வேலை இருக்கு. மாசாமாசம் சம்பளம் இருக்கு. தங்கறதுக்கு ரூம் இருக்கு. ஏன் இப்படி இருக்காரு?"

"யாரோடயும் ஒட்ட முடியல, அதான்."

மாணிக்கம் யோசித்தார். "ஜன்னல்தான் சார் காரணம். எந்நேரமும் அதுலயே நிக்கிறாரு பாருங்க. எங்க வீட்டுல ஜன்னல் கெடையாது. அதனாலதான் எங்களுக்கு இந்தக் கஷ்டம் வரல போல."

அந்த ஆசிரியைக்கு இதை அப்படியே எழுதிக்கொள்ளச் சொல்கிறேன். அந்நியமாதலைப் பற்றி இதைவிடச் சுருக்கமான விமர்சனத்தை நான் கேட்டதில்லை.

மாணிக்கத்தின் மனைவி அஞ்சலை. ஐந்தாம் வகுப்பு வரை படித்தவர், நடவு வேலைக்குப் போகிறவர். மாலையில் சமையல், பிள்ளை. நூலகம் திறந்திருக்கிற நேரத்தில் அவரால் வர முடியாது. அதனால் மாணிக்கம் படித்ததை வீட்டில் சொல்லுவார். அஞ்சலை அதை மறுநாள் நடவு வயலில் பத்துப் பெண்களுக்குச் சொல்லுவார். சென்னையில் அச்சான நாவல் இப்படிச் சுவரோரம் நின்று, அடுப்படியில் உட்கார்ந்து, சேற்றில் இறங்கிக் கீழத்தெருவைச் சுற்றி வந்தது.

"அதுக்கு ஒரு ஆசை சார்" என்று மாணிக்கம் ஒரு நாள் தயங்கித் தயங்கிச் சொன்னார். "நான் சொல்றது பத்தலையாம். எழுத்தைக் கூட்டிக் கூட்டி தானே படிக்கணுமாம். ஒரே ஒரு புஸ்தகம் வீட்டுக்குக் கொண்டுபோனாப் போதும். எப்பவும் ஊர்ல எல்லாரும் தூக்கிட்டுப் போறதைப் பாத்துக்கிட்டே இருக்குது. நம்ம வீட்டுக்குள்ள மட்டும் ஒரு புஸ்தகம் வந்ததே இல்லையேன்னு கேக்குது."

விண்ணப்பத்தை எடுத்துக் கொடுத்தேன். வீட்டு எண் என்ற இடத்தில் அவர் பேனா நின்றது. நாலு தலைமுறையாக அதே இடத்தில் இருக்கிற குடிசை. ஆனால் மனை சந்தானத்தினுடையது. ஊராட்சிக் கணக்கில் அந்த வரிசையில் வீடே இல்லை, புளியமரம் இரண்டு என்றுதான் இருந்தது. வீடு இல்லாததால் எண் இல்லை, எண் இல்லாததால் வரி இல்லை. பிணை நிற்கலாம் என்றால் கீழத்தெரு முழுக்க அதே நிலைமைதான். என் அட்டையில் எடுத்துக் கொடுத்துவிடலாம் என்றால் எனக்கு அட்டையே கிடையாது. ஊரில் அதிகம் படித்த இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றோம்.

ஜன்னலோரத்திலிருந்து சந்தானம் கேட்டுக்கொண்டிருந்தார்.

"பிணைதானே சார்? நம்ம மாணிக்கம்தானே? இப்படிக் கொண்டாங்க, நான் போடறேன்" என்று பேனாவைத் திறந்துவிட்டார். நல்ல மனசோடுதான் சொன்னார். அவரைக் குறை சொல்ல மாட்டேன்.

"வேணாங்கய்யா" என்றார் மாணிக்கம்.

"ஏன்டா, நான் போட்டா ஆவாதா?"

"நீங்க போட்டா நான் உங்க ஆளுன்னு ஆயிடுங்கய்யா. இந்த அறுப்புக்கு வெளியாளைக் கொண்டாந்து எறக்கப் போறீங்கன்னு பேச்சு. எறக்குனா நாங்க வரப்புல நின்னு மறிப்போம். ஒரு கையில உங்க கையெழுத்தை வாங்கிக்கிட்டு இன்னொரு கையில கொடி புடிச்சா நல்லாவா இருக்கும்?"

சந்தானம் பேனாவை மூடினார். "புஸ்தகத்துக்கும் கொடிக்கும் என்ன சார் சம்பந்தம்?" என்று என்னைக் கேட்டார். நான் வருகைப் பதிவேட்டில் எதையோ தேடுகிறவன்போலக் குனிந்துகொண்டேன்.

அடுத்த மாதம் துரைக்கண்ணு வந்தார். ஊதினார், தும்மினார், எழுதினார். அவர் கிளிப்பை மாட்டப் போகிற நேரத்தில் விஷயத்தைச் சொன்னேன். விதியில் கொஞ்சம் நெகிழ்வு காட்டலாமா என்று இழுத்தேன். அவர் திரும்ப உட்கார்ந்தார்.

"அவருக்கு வீடு இல்லையா?"

"இருக்கு சார்."

"மனை?"

"குடியிருக்கறவங்களுக்கே மனை சொந்தம்னு இப்ப சட்டம் வந்திருக்கே சார். போன வாரம்தான் மேடையில வச்சு மாணிக்கத்துக்கும் பட்டா குடுத்தாங்க. மாலைகூடப் போட்டாங்க."

"அப்ப வீடும் இருக்கு, மனையும் இருக்கு. வரி ஏன் இல்ல?"

"யாரும் போடல சார்."

"போடச் சொல்லுங்க" என்றார். "விதியை வளைக்காதீங்க. வளைச்சா அடுத்து வர்றவர் நிமித்திடுவார். ஆளை விதிக்குள்ள கொண்டாந்துடுங்க. அப்பறம் அவரை யாராலயும் வெளிய தள்ள முடியாது." சொல்லிவிட்டுக் கிளிப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் நான் மனு எழுதினேன், மாணிக்கம் கையெழுத்திட்டார். 'கீழத்தெருவில் உள்ள என் வீட்டுக்குக் கதவு எண் கொடுத்து, உரிய வீட்டு வரி விதிக்குமாறு பணிவுடன் வேண்டுகிறேன்.' ஊராட்சி எழுத்தர் கோவிந்தராசு அதை மூன்று முறை படித்தார். பின்னால் ஏதாவது ஒட்டியிருக்கிறதா என்று திருப்பியும் பார்த்தார்.

"கொறைக்கச் சொல்லி வருவாங்க. தள்ளுபடி கேட்டு வருவாங்க. போட்டுக் குடுங்கன்னு வந்த மொத ஆளு நீதான்யா" என்றார் மாணிக்கத்திடம். "ஒனக்கு ஒடம்பு கிடம்பு சரியில்லையா?"

"லைப்ரரியில சேரணுங்க."

கோவிந்தராசு என்னைப் பார்த்த பார்வையில் நான் அந்த ஊரில் மேலும் கொஞ்சம் அந்நியமானேன். ஆனால் மனுவை வாங்கி வைத்துக்கொண்டார்.

தை மாதத்தில் அறுவடை வந்தது. சொன்னதுபோலவே சந்தானமும் மற்றவர்களும் வெளியூர் ஆட்களை இறக்கினார்கள். சொன்னதுபோலவே இவர்கள் வரப்பில் நின்றார்கள். தடியடி நடந்தது. பதினோரு பேரை வேனில் ஏற்றிக்கொண்டு போனார்கள். மாணிக்கம் அதில் ஒருவர். திருச்சி சிறையில் வைத்தார்கள். வேனில் ஏறும்போது என்னைக் கூட்டத்தில் பார்த்துவிட்டு, "சார், அந்த மனு!" என்று கத்தினார். மண்டையில் ரத்தம் வழிந்துகொண்டிருந்தது. கையைத் தூக்கிக் காட்டினேன், அவ்வளவுதான் முடிந்தது.

அதன் பிறகு தினமும் காலையில் கோவிந்தராசு அலுவலகத்துக்குப் போய் நின்றேன். ஒன்றும் கேட்க மாட்டேன், சும்மா நிற்பேன். நிற்கிறவனை என்ன சொல்ல முடியும் என்பதை நானும் கற்றிருந்தேன். பத்தாம் நாள் அவர் நாடாவைச் சுருட்டிக்கொண்டு கீழத்தெருவுக்குக் கிளம்பினார். நானும் போனேன். குடிசையை நீளம் அகலம் அளந்தார். வாசலில் அஞ்சலை நின்றார்.

"குடும்பத் தலைவர் எங்கம்மா?"

"திருச்சி ஜெயில்ல."

"ஜெயில்ல இருக்கறவர்கிட்ட எப்படி வரி வசூல் பண்றது?" என்று கோவிந்தராசு தமக்குத் தாமே கேட்டுக்கொண்டார். "சரி, ஒம் பேரையே போட்டுக்கறேன். அஞ்சலைதானே?"

கதவில் எண் எழுத வேண்டும். கதவு கிடையாது, கீற்றுப் படல்தான். கடைசியில் வாசல் கம்பத்தில் சுண்ணாம்பால் எழுதினார். அஞ்சலை அதைத் தொடாமல் கிட்டப் போய்ப் பார்த்தார்.

இரண்டு நாள் கழித்து, வேலை இல்லாத ஒரு மாலையில், அஞ்சலை வரி ரசீதை மஞ்சள் பையில் வைத்துக்கொண்டு நூலகத்துக்கு வந்தார். உள்ளே வந்து சுற்றிப் பார்த்தார். ஐந்து நாற்காலியில் நான்கில் பள்ளிப் பிள்ளைகள். ஐந்தாவது காலியாக இருந்தது. போய் உட்கார்ந்தார். ஜன்னலோர நாற்காலி. விண்ணப்பத்தை நிரப்பிக்கொண்டிருந்தபோது சந்தானம் வந்தார். வாசற்படியில் நின்று பார்த்தார். அஞ்சலைக்கு அது யாருடைய நாற்காலி என்று தெரியாது. தெரிந்திருந்தாலும் எழுந்திருப்பாரா என்று எனக்கு இன்றைக்கும் சந்தேகம்தான்.

சந்தானம் உள்ளே வந்தார். மாணிக்கம் வழக்கமாக நிற்கிற சுவரோரம் போய், செய்தித்தாளை எடுத்து நின்றபடி படித்தார். ஐந்து நிமிஷம்தான் நின்றார். பிறகு, "இதுல நின்னுக்கிட்டா சார் படிச்சான், மூணு வாரமா?" என்று என்னைக் கேட்டார். ஆமாம் என்றேன். "கால் கடுக்குமே" என்று சொல்லிவிட்டுக் கிளம்பிப் போனார். மறுநாள் அவர் வீட்டிலிருந்து இரண்டு நாற்காலிகள் வந்து இறங்கின. நிலத் தகராறில் அவர் ஒரு அங்குலமும் இறங்கவில்லை, அதையும் சொல்லிவிட வேண்டும்.

அஞ்சலை கேட்டு வாங்கிப்போனது அந்த ஜன்னல் நாவலைத்தான். தேதி முத்திரை குத்திக் கொடுத்தேன். பதினான்காம் நாள் சரியாகத் திரும்பி வந்தார். முகம் சரியில்லை. புத்தகத்தை மேசையில் வைத்தார்.

"சார், இதுல கடைசிப் பக்கத்தையெல்லாம் யாரோ கிழிச்சிருக்காங்க."

பிரித்துப் பார்த்தேன். பக்கங்கள் சரியாக இருந்தன. "இருக்கேம்மா. ஸ்டேஷன்ல நிக்கிறாரு, எந்த வண்டியில ஏறறதுன்னு தெரியல. அதோட கதை முடியுது."

"முடிஞ்சிடுதா? அப்ப நீடாமங்கலம் வந்து எறங்குறது?"

எனக்குப் புரியவில்லை. அஞ்சலை உட்கார்ந்துகொண்டு, மறந்துபோன ஆளுக்கு நினைவுபடுத்துகிறவர்போல மெதுவாகச் சொன்னார். "வண்டி ஏறிடறாரு சார். நீடாமங்கலத்துல எறங்கறாரு. ரயில்வே கேட்டு சாத்திக் கெடக்குது, எந்நேரமும் போல. அங்க ஒரு வண்டிக்காரரோட பேச்சுக் குடுத்து, நம்ம ஊருக்கு வந்துடறாரு. மொத நாள் நாத்து தூக்கும்போது சேத்துல விழறாரு. பொம்பளைங்க எல்லாம் சிரிக்கிறாங்க. அவரும் சிரிக்கிறாரு. அதுவரைக்கும் அவரு சிரிச்சதே இல்ல சார், கதையில. அப்பறம் இங்கேயே கல்யாணம் பண்ணி வீடு கட்டறாரு. ஜன்னல் வைக்கவான்னு கொத்தனார் கேக்கறாரு. வேணாம்னுடறாரு."

அந்த மனிதனை ரயிலடியில் தனியே விட்டுவிட்டு வந்து சாப்பிட மாணிக்கத்துக்கு மனசு வரவில்லை. தங்களைக் கணக்கில்கூட எழுதாத ஊருக்கு, அவனைக் கூட்டிக்கொண்டு வந்து குடிவைத்திருக்கிறார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. மறைக்கவில்லை.

அஞ்சலை என் முகத்தைப் பார்த்தார். "அப்ப இது அவராச் சொன்னதா?" என்றார். பிறகு முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார். சிரிப்பு பாதியில் அழுகையாகி மறுபடி சிரிப்பானது. "வரட்டும், இருக்கு அவருக்கு. நடவுல அத்தனை பேருக்கும் சொல்லிட்டேன் சார், இப்ப நான் எங்க போயி முழிக்கறது?" என்றார். எழுந்து போகும்போது திரும்பினார். "இருந்தாலும் எழுதிக்குங்க சார். கதை பாதியில நிக்குதுன்னு எழுதுங்க."

சேதப் பதிவேட்டில் எழுதினேன். 'இறுதிப் பகுதி இல்லை என வாசகர் புகார்.' அடுத்த முறை வந்த துரைக்கண்ணு அதைப் பிடித்துக்கொண்டார். பக்கங்களை ஒவ்வொன்றாக எண்ணினார். விளக்கம் கேட்டார். நடந்ததைச் சொன்னேன். நீண்ட நேரம் பச்சைப் பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு எழுதினார்: 'பக்கங்கள் சரிபார்க்கப்பட்டன. குறைவில்லை. வாசகரின் புகாரும் சரியே. நூலின் மீது நடவடிக்கை எடுக்க விதியில் இடமில்லை.' அன்றும் அவர் சிரிக்கவில்லை.

மாணிக்கம் ஆடி மாதம் விடுதலையாகி வந்தார். இளைத்திருந்தார், நெற்றியில் தையல். அஞ்சலையும் கூட வந்தார். மாணிக்கம் பழக்கப்படி சுவரோரம் போனார். "இங்க வந்து உக்காருங்க, ஏங்கிட்ட அட்டை இருக்குல்ல" என்றார் அஞ்சலை. அவர் வந்து உட்கார்ந்தார், பேருந்தில் பாதி இடம் கிடைத்தவர்போல ஓரமாக. என்னைப் பார்த்து, "அது எல்லாத்தையும் சொல்லிடுச்சு சார்" என்று அசட்டுச் சிரிப்புச் சிரித்தார்.

பிறகு எனக்குத் திருக்காட்டுப்பள்ளிக்கு மாற்றல் வந்தது, அதன் பின் எங்கெங்கோ. வேதாரண்யத்தில் எங்கள் வீட்டைப் புயல் கொண்டுபோய்விட்டது. ஓய்வு பெற்றதும் எங்கே போவது என்று யோசித்து, கடைசியில் அந்த ஊரிலேயே ஒரு வாடகை வீடு பிடித்தேன். குடிவந்த மறுநாள் நூலகத்துக்குப் போனேன். அங்கே இருந்த இளம் நூலகர் எழுந்து வணக்கம் சொன்னார். உறுப்பினராக வேண்டும் என்றேன். தலையைச் சொறிந்தார்.

"வாடகை வீடா சார்? பிணைக் கையெழுத்து வேணுமே. தப்பா நெனைக்காதீங்க, விதி."

தப்பாக நினைக்கவில்லை. விதி உயிரோடு இருப்பதில் ஒரு பழைய எதிரியைப் பார்த்த சந்தோஷம்தான். விண்ணப்பத்தை எடுத்துக்கொண்டு கீழத்தெருவுக்குப் போனேன். இப்போது அங்கே எல்லாம் ஓட்டு வீடுகள், மாடி வீடுகள்கூட. அந்தக் கம்பம் இருந்த இடத்தில் நிஜக் கதவு, கதவில் அதே எண். ஜன்னலும் வைத்திருந்தார்கள், மாணிக்கம் அதற்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். அஞ்சலை கண்ணாடியை மாட்டிக்கொண்டு விண்ணப்பத்தை எழுத்தெழுத்தாகப் படித்தார். எங்கே கையெழுத்து என்று கேட்டு, நிதானமாகப் போட்டார். வரி ரசீதையும் நான் கேட்காமலே எடுத்து வந்து காட்டினார்.

ஒரு கட்டம் மீதி இருந்தது. 'விண்ணப்பதாரரைப் பிணையாளர் எவ்வாறு அறிவார்?' என்ன எழுதுவது என்று நான் பேனாவோடு காத்திருந்தேன். முன்னாள் நூலகர் என்று எழுதலாம், நண்பர் என்று எழுதலாம். அந்த ஊரில் வேதாரண்யத்துக்காரர் என்பதைத் தவிர எனக்கு வேறு பெயர் இருந்ததில்லை.

அஞ்சலை யோசிக்கவே இல்லை. "நம்ம ஊருக்காரருன்னு எழுதுங்க" என்றார்.

எழுதினேன். எழுத்து கொஞ்சம் கோணலாகத்தான் விழுந்தது. அவர் அதைச் சரிபார்த்து என்னிடம் நீட்டினார்.

"புஸ்தகத்துல ஒரு பக்கம் கிழிஞ்சாலும் நான்தான் பதில் சொல்லணும் சார்" என்றார். "பாத்துப் படிங்க."